தீர்ப்பில் என் மகளின் பெயர் இல்லையே

மட்டக்களப்பிலிருந்து ஒரு தாய் நான்கு பக்கக் கடிதம் அனுப்பியிருக்கிறார். அடையாளம் தெரியாதிருக்கச் சில விபரங்களை மாற்றி, சுருக்கித் தருகிறேன்.

2019 ஏப்ரல் 21, இலங்கையில் தேவாலயங்களிலும் ஹோட்டல்களிலும் குண்டுகள் வெடித்த உயிர்த்த ஞாயிறு. அவருடைய இரண்டு பிள்ளைகளும் சியோன் தேவாலயத்துக்குப் போயிருந்தார்கள். ஞாயிறு பாடசாலை முடிந்து, பிள்ளைகள் வெளியே நின்று சிற்றுண்டி சாப்பிட்டுக்கொண்டிருந்த நேரத்தில் குண்டு வெடித்தது. எட்டு வயது மகள் அந்த இடத்திலேயே போய்விட்டாள். பதினொரு வயது மகன் பிழைத்தான். இடது காது கேட்பதில்லை, தோளுக்குள் இன்னும் ஓர் இரும்புத் துண்டு இருக்கிறது. அரசாங்கம் தந்த 10 இலட்சம் ரூபாவைத் தாய் கையொப்பமிட்டு வாங்கினார். உயர் நீதிமன்றத்தில் வழக்குப் போட்ட குடும்பங்களோடு அவர் சேரவில்லை. "அப்போது நான் மனுசியாகவே இல்லை, ஐயா" என்று எழுதியிருக்கிறார்.

அவர் கேட்பவை இவை. வழக்குப் போடாததால் எனக்கு எதுவும் இல்லையா? பணம் வாங்கியதால் உரிமை போய்விட்டதா? ஒரு நீதிமன்றம் அதிகாரிகளை விடுதலை செய்தது, இன்னொரு நீதிமன்றம் நட்டஈடு கட்டச் சொன்னது; எதை நம்புவது? போதகர் மன்னிக்கச் சொல்கிறார், மன்னித்தால் வழக்கு பலவீனமாகுமா? மகனைச் சாட்சிக்குக் கூப்பிட்டால் என்ன செய்வது? கடைசியில், எதற்கும் ஒட்டாமல் ஒற்றை வரி: மகளின் வலது கால் கொலுசு பொலிஸாரிடம் இருக்கிறது, அது திரும்பக் கிடைக்குமா?

அன்புள்ள சகோதரி,

உங்கள் கடிதத்தை இரண்டு தரம் வாசித்தேன். முதல் தடவை சட்டத்தரணியாக வாசிக்க முடியவில்லை. இரண்டாம் தடவை பேனையோடு உட்கார்ந்து உங்கள் கேள்விகளுக்கு இலக்கம் போட்டேன்.

உங்களைக் குழப்புவது ஒரே சம்பவத்துக்கு நடந்த பல வழக்குகள். வெளியில் எல்லாவற்றையும் "ஈஸ்டர் வழக்கு" என்றே சொல்கிறார்கள். ஆனால் அவை தனித்தனி வழக்குகள். ஒன்றில் தோற்றதால் மற்றதில் தோற்றதாக ஆகாது. ஒன்றின் காலக்கெடு கடந்துவிட்டதென்று மற்றவையும் முடிந்துவிடுவதில்லை.

மனுப் போடாதவருக்கும் பங்கு உண்டா?

உண்டு. 2023 ஜனவரி 12ஆம் திகதி ஏழு நீதியரசர்கள் கொண்ட உயர் நீதிமன்ற ஆயம் 12 அடிப்படை உரிமை மனுக்களுக்குச் சேர்த்து ஒரே தீர்ப்பு வழங்கியது. ஏப்ரல் 4ஆம் திகதியே வெளிநாட்டுப் புலனாய்வுத் தகவல் அரச புலனாய்வுச் சேவைக்கு வந்திருந்தது. தாக்குதலுக்கு முதல் நாள்கூட எச்சரிக்கை வந்தது. அந்தத் தகவல்களைக் கையில் வைத்துக்கொண்டு செய்ய வேண்டியதைச் செய்யாதது, சட்டத்தின் சமமான பாதுகாப்புக்கான உரிமையையும் வழிபடும் உரிமையையும் மீறியது என்று நீதிமன்றம் சொன்னது. முன்னாள் ஜனாதிபதி மைத்திரிபால சிறிசேன 10 கோடி ரூபா, முன்னாள் பொலிஸ் மா அதிபர் பூஜித் ஜயசுந்தரவும் அரச புலனாய்வுச் சேவையின் முன்னாள் பணிப்பாளர் நிலந்த ஜயவர்தனவும் தலா 7.5 கோடி, முன்னாள் பாதுகாப்புச் செயலாளர் ஹேமசிறி பெர்னாண்டோ 5 கோடி, தேசிய புலனாய்வுப் பிரிவின் முன்னாள் பிரதானி சிசிர மெண்டிஸ் 1 கோடி, அரசு 10 இலட்சம் கட்ட வேண்டும் என்று கட்டளையிட்டது. தனிப்பட்டவர்கள் தங்கள் சொந்தப் பணத்திலிருந்து கட்ட வேண்டும். பதவியில் இருக்கும் வரைதான் ஜனாதிபதிக்கு வழக்கிலிருந்து காப்பு. பதவி போன பின் சிறிசேன எதிர்மனுதாரராகச் சேர்க்கப்பட்டார்.

நீங்கள் கவனிக்க வேண்டியது, அந்தப் பணம் மனுதாரர்களின் கைக்குப் போகவில்லை என்பதை. இழப்பீடுகளுக்கான அலுவலகத்தில் பாதிக்கப்பட்டோர் நிதியம் ஒன்றை அமைத்து, உயிரிழந்தோரின் குடும்பங்களுக்கும் காயமடைந்தோருக்கும் நியாயமாகப் பகிர வேண்டும் என்பதே கட்டளை. மனுவில் பெயர் இருக்கிறதா என்பது அங்கே கேள்வி அல்ல. உங்கள் மகளின் மரணச் சான்றிதழும் மகனின் வைத்திய அறிக்கையும்தான் அங்கே பேசும். முதலில் வாங்கிய 10 இலட்சம் அரசாங்கம் தானாக வழங்கிய உதவி. நீங்கள் அனுப்பிய பற்றுச்சீட்டுப் பிரதியில் உரிமையைக் கைவிடுவதாக ஒரு சொல்லும் இல்லை. பணத்தைப் பெற்றுக்கொண்டேன் என்றுதான் கையொப்பம் வைத்திருக்கிறீர்கள். "வாங்கியதோடு எல்லாம் முடிந்தது" என்று சொன்னவர் யாராக இருந்தாலும், அது தவறு.

எதிர்பார்ப்பை மட்டும் அளவோடு வையுங்கள். மொத்தத் தொகை 31 கோடியே 10 இலட்சம். நாடு முழுவதும் இறந்தவர்கள் 250 பேருக்கு மேல், காயமடைந்தவர்கள் 500க்கு மேல். நீங்களே பிரித்துப் பாருங்கள், ஆளுக்குச் சில இலட்சங்கள்தான் வரும். முன்னாள் ஜனாதிபதியும் தவணை கேட்டுப் பகுதி பகுதியாகத்தான் கட்டினார். இதற்காக ஒருவர் உங்களிடம் 25,000 ரூபா முற்பணமும் ஐந்தில் ஒரு பங்கும் கேட்டதாக எழுதியிருக்கிறீர்கள். கொடுக்க வேண்டாம். இதற்குத் தரகர் தேவையில்லை. பிரதேச செயலகத்தின் ஊடாகவோ நேரடியாகவோ அந்த அலுவலகத்துக்கு எழுதுங்கள், பதிவுத் தபாலில் அனுப்புங்கள், பற்றுச்சீட்டைக் கோப்பில் வையுங்கள். பதில் வராவிட்டால் 2016ஆம் ஆண்டின் தகவலறியும் உரிமைச் சட்டத்தின் கீழ், "பட்டியலில் என் மகளின் பெயரும் மகனின் பெயரும் உள்ளனவா, எந்த அடிப்படையில் தொகை தீர்மானிக்கப்பட்டது" என்று கேளுங்கள். 14 வேலை நாட்களுக்குள் தகவல் அலுவலர் தன் முடிவைச் சொல்ல வேண்டும். தமிழில் எழுதலாம்.

இப்போது புதிதாக அடிப்படை உரிமை மனு போட முடியுமா என்ற கேள்விக்கு நேர்மையான பதில்: 2019இல் நடந்ததற்காக முடியாது. உரிமை மீறப்பட்ட ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்துக்குப் போக வேண்டும். அந்த மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்திருந்தால், அங்கே விசாரணை நடக்கும் காலம் கணக்கில் வராது. நீங்கள் அதுவும் செய்யவில்லை. பிள்ளையைப் புதைத்த தாய்க்கு ஒரு மாதம் என்று கெடு வைக்கும் சட்டம் கொடூரமானது என்று நான் பல வருடங்களாகச் சொல்லி வருகிறேன். ஆனால் இன்று அதுதான் சட்டம். ஒன்றை மட்டும் நினைவில் வையுங்கள். நிதியத்தில் உங்களைக் காரணமின்றி விலக்கினால் அது புதிய மீறல், அன்றிலிருந்து புதிதாக ஒரு மாதம். ஆகவே எந்த மறுப்பையும் எழுத்தில் கேட்டு வாங்குங்கள்.

"விடுதலை" என்ற சொல்

2022 பெப்ரவரி 18ஆம் திகதி கொழும்பு மேல் நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் கொண்ட விசேட அமர்வு ஹேமசிறி பெர்னாண்டோவையும் பூஜித் ஜயசுந்தரவையும் விடுதலை செய்தது. ஒவ்வொருவர் மீதும் 855 குற்றச்சாட்டுகள் இருந்தன. எதிர்த்தரப்புச் சாட்சியத்தைக் கேட்காமலேயே விடுவித்தார்கள். அன்று இரவு நீங்கள் சாப்பிடவில்லை என்று எழுதியிருக்கிறீர்கள்.

அது கடமை தவறினார்களா என்று பார்த்த வழக்கு அல்ல. அந்தத் தவறுதல் கொலைக் குற்றமாகுமா என்பதை நியாயமான சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்க வேண்டிய வழக்கு. சட்டத்திலேயே மிக உயரமான படி அது. அடுத்த வருடம் உயர் நீதிமன்றம் எடுத்துக்கொண்டது வேறு கேள்வி: அரசும் அதன் அதிகாரிகளும் குடிமக்களின் உரிமையைக் காக்கத் தவறினார்களா? அதற்கு ஆம் என்று பதில் வந்தது. முதல் தீர்ப்பை இரண்டாவது தீர்ப்பு மாற்றவில்லை, இரண்டும் ஒன்றோடொன்று மோதவும் இல்லை. உங்கள் உறவினர் கேட்கிற "பிறகு ஏன் ஒருவரும் சிறைக்குப் போகவில்லை" என்பதற்கும் இதுதான் பதில். அடிப்படை உரிமை வழக்கில் சிறைத்தண்டனை கிடையாது. ஆனால் அது வெறும் பணத்தோடு நின்றதுமில்லை. நிலந்த ஜயவர்தனவுக்கு எதிராக ஒழுக்காற்று நடவடிக்கை எடுக்குமாறும் அதே தீர்ப்பு சொன்னது. 2025இல் தேசிய பொலிஸ் ஆணைக்குழு அவரைப் பணிநீக்கம் செய்தது.

தாக்குதலுக்குத் திட்டமிட்டார்கள், உதவினார்கள் என்று சொல்லப்படுவோர் மீதான வழக்கு இவற்றுக்குப் புறம்பானது. 2021 நவம்பரில் 25 பேருக்கு எதிராக 23,270 குற்றச்சாட்டுகளுடன் அது தொடங்கியது. தாக்குதல் நடந்து இரண்டரை வருடம் கழித்து. இத்தனை குற்றச்சாட்டுகளை ஒரே வழக்கில் குவித்தால் எவ்வளவு காலம் இழுபடும் என்பது எங்கள் தொழிலில் இருக்கும் எவருக்கும் தெரியும். உங்கள் பொறுமையின்மைக்காக மன்னிப்புக் கேட்டிருக்கிறீர்கள். தேவையில்லை.

மகனுக்கு இன்னும் இருக்கும் காலம்

நீங்கள் கேட்காத ஒன்றை நான் சொல்ல வேண்டும், ஏனென்றால் இதில் நாட்கள் ஓடுகின்றன. காயத்துக்காக நட்டஈடு கேட்டு மாவட்ட நீதிமன்றத்தில் சிவில் வழக்குப் போட இரண்டு வருடம்தான் காலம். உங்களுக்கு அது எப்போதோ முடிந்துவிட்டது. ஆனால் பாதிக்கப்பட்டவர் வயது குறைந்தவராக இருந்தால் அந்தக் காலம் ஓடாமல் நிற்கும் என்று காலவிதிப்புக் கட்டளைச் சட்டம் சொல்கிறது. போன மாதம் மகனுக்குப் பதினெட்டு நிறைந்தது என்று எழுதியிருக்கிறீர்கள். அப்படியானால் அவருடைய இரண்டு வருடம் இப்போதுதான் ஆரம்பித்திருக்கிறது.

இது இலகுவான வழக்கு அல்ல. அரசுக்கு எதிராக என்றால் சட்டமா அதிபருக்கு ஒரு மாத முன்னறிவித்தல் கொடுக்க வேண்டும். அதிகாரிகளின் கவனயீனத்துக்கும் தோளில் இருக்கும் இரும்புக்கும் உள்ள தொடர்பை நிறுவ வேண்டும். உயர் நீதிமன்றத் தீர்ப்பு வாதத்துக்கு வலுச் சேர்க்கும், வெற்றியை உறுதிப்படுத்தாது. வருடக்கணக்கில் இழுபடலாம், பிள்ளை கூண்டில் ஏறி அந்தக் காலையைத் திரும்பச் சொல்ல வேண்டியும் வரலாம். போடுவதா இல்லையா என்பது அவருடைய முடிவு. அவர் இப்போது பராயமடைந்தவர். ஆனால் தெரியாமல் காலம் போய்விட்டது என்று நாளை ஆகக்கூடாது. பிறப்புச் சான்றிதழ், போதனா வைத்தியசாலை அனுமதி அட்டை, கடைசியாக எடுத்த எக்ஸ்ரே, காது பரிசோதனை அறிக்கை ஆகியவற்றோடு சட்ட உதவி ஆணைக்குழுவின் மட்டக்களப்பு நிலையத்துக்கு இந்த மாதமே இருவரும் போங்கள்.

சாட்சி விடயத்தில் அவருக்கு இரண்டு பயம். ஒன்று, வைத்தியசாலைக் கட்டிலில் வைத்து எடுத்த வாக்குமூலம் சிங்களத்தில் எழுதப்பட்டது, வாசித்துக் காட்டவில்லை. எங்கள் பக்கத்தில் எத்தனையோ பேருக்கு இந்தக் கதை இருக்கிறது. பொலிஸாரிடம் கொடுத்த வாக்குமூலம் தானாகச் சாட்சியமாகிவிடாது. நீதிமன்றத்தில் வாயால் சொல்வதுதான் சாட்சியம். ஆனால் இரண்டும் முரண்பட்டால் அதைக் காட்டிக் குறுக்கு விசாரணை செய்வார்கள். ஆகவே அழைப்பு வந்தால், சாட்சிக் கூண்டில் ஏறுமுன் அரச சட்டத்தரணியிடம் "எனக்குப் பதினொரு வயது, சிங்களம் தெரியாது, வாசித்துக் காட்டவில்லை" என்று சொல்ல வேண்டும். சாட்சியத்தைத் தமிழிலேயே சொல்லலாம், மொழிபெயர்ப்பாளர் இருப்பார். மற்றது, யாராவது பழிவாங்குவார்களோ என்ற பயம். குற்றத்தால் பாதிக்கப்பட்டோருக்கும் சாட்சிகளுக்கும் பாதுகாப்பளிக்கும் சட்டம் 2015இல் வந்தது, 2023இல் 10ஆம் இலக்கச் சட்டமாகப் புதுப்பிக்கப்பட்டது. அதன் கீழ் பாதுகாப்புக் கேட்கலாம், தூர இடத்திலிருந்து காணொளி மூலம் சாட்சியமளிக்க விண்ணப்பிக்கலாம். சாட்சியை மிரட்டுவது தனிக் குற்றம்.

மன்னிப்பும் வழக்கும், தம்பியின் பதிவுகளும்

போதகர் சொன்னதைச் செய்வதும் செய்யாதிருப்பதும் உங்களுக்கும் உங்கள் ஆண்டவருக்கும் இடைப்பட்டது. சட்டத்தில் அதற்கு எந்த விளைவும் இல்லை. குற்றவியல் வழக்கை நடத்துவது அரசு, நீங்கள் அல்ல. மன்னித்துவிட்டேன் என்று பலிபீடத்தின் முன் சொன்னாலும் ஒரு குற்றச்சாட்டுக்கூடக் குறையாது. மன்னிக்கவில்லை என்றாலும் ஒன்றும் கூடாது. மன்னிக்க முடியாதது வழக்கின் மீதுள்ள பிடிவாதம் என்று யாரும் உங்களைக் குற்றஞ்சாட்ட வேண்டியதுமில்லை.

உங்கள் தம்பியின் விடயம்தான் எனக்குக் கவலை. பக்கத்து முஸ்லிம் ஊரான காத்தான்குடியே சேர்ந்து குண்டுதாரிகளை ஒளித்து வைத்தது என்று அவர் முகநூலில் எழுதுகிறார், கடைகளைப் புறக்கணிக்கச் சொல்கிறார், "பதிலுக்குப் பதில்" என்றும் எழுதியிருக்கிறார். முதலில் உண்மையைப் பாருங்கள். தாக்குதலுக்குத் தலைமை தாங்கிய சஹ்ரான் ஹாஷிமின் கும்பல் 2017 மார்ச்சில் காத்தான்குடியிலேயே சூஃபி வழி முஸ்லிம்கள் மீது வாளோடு பாய்ந்தது. அதன் பிறகு அவர் தலைமறைவானார். அவரைப் பற்றி முதலில் பொலிஸாரிடம் முறையிட்டவர்களும் முஸ்லிம்கள்தான். அந்த முறைப்பாடுகளை உரியபடி பின்தொடர்ந்திருந்தால் உங்கள் மகள் இன்று உங்களோடு இருந்திருக்கலாம். கோபம் போக வேண்டிய திசை அது.

இன்னொன்றும் சொல்கிறேன், எங்கள் ஊரில் இதைச் சொல்லத் தயங்குவார்கள். 1990 ஓகஸ்ட் 3ஆம் திகதி இரவு காத்தான்குடியில் இரண்டு பள்ளிவாசல்களுக்குள் தொழுதுகொண்டிருந்த நூற்றுக்கும் அதிகமானோர், சிறுவர்களும் சேர்த்து, சுட்டுக் கொல்லப்பட்டார்கள். சுட்டது தமிழர்களாகிய எங்கள் பெயரால் ஆயுதம் தூக்கியவர்கள். அதற்காக எந்த நீதிமன்றத்திலும் ஒருவரும் தண்டிக்கப்படவில்லை. வழிபாட்டு இடத்துக்குப் போன பிள்ளை திரும்பி வராத தாய்மார் உங்கள் வீட்டிலிருந்து சில மைல் தூரத்தில் முப்பது வருடத்துக்கு மேலாக இருக்கிறார்கள். சவ அடக்கத்தன்று கஞ்சி காய்ச்சிக் கொண்டுவந்த பக்கத்துக் கடைக்காரரின் மனைவி அந்த ஊர்தான் என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள்.

சட்டப்படி பார்த்தால் தம்பி ஆபத்தான இடத்தில் நிற்கிறார். மத வெறுப்பைத் தூண்டி வன்முறைக்கு இட்டுச்செல்லும் பேச்சு, 2007ஆம் ஆண்டின் 56ஆம் இலக்க ஐ.சி.சி.பி.ஆர். (குடியியல், அரசியல் உரிமைகள் பற்றிய சர்வதேச உடன்படிக்கை) சட்டத்தின் 3ஆம் பிரிவில் குற்றம். பத்து வருடம் வரை சிறை. நீதவானால் பிணை கொடுக்க முடியாது, மேல் நீதிமன்றத்துக்குத்தான் போக வேண்டும். 2019 மே மாதம் குளியாப்பிட்டி, மினுவாங்கொடைப் பக்கம் பள்ளிவாசல்களும் கடைகளும் எரிந்தபோது, இப்படியான பதிவுகளும் பரவின. மருமகளுக்காக எழுதுகிறேன் என்று அவர் நினைக்கலாம். இன்று இரவே அழிக்கச் சொல்லுங்கள்.

கொலுசு

இடது கால் கொலுசு உங்களிடம் இருக்கிறது, வலது கால் கொலுசைப் பொலிஸார் உறையில் போட்டுக் கொண்டுபோனார்கள் என்கிறீர்கள். கேட்க வெட்கமாக இருக்கிறது என்றும் எழுதியிருக்கிறீர்கள். இது சட்டத்தில் இடமுள்ள கேள்வி, நீதிமன்றங்கள் தினமும் கேட்கும் விண்ணப்பம்.

முதலில் மட்டக்களப்புப் பொலிஸ் நிலையத்தில் சம்பவத்தின் பி அறிக்கை (பொலிஸார் நீதவானுக்குக் கொடுக்கும் அறிக்கை) இலக்கத்தைக் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். பின் ஒரு சட்டத்தரணி மூலம் நீதவான் நீதிமன்றத்தில் நகர்த்தல் பத்திரம் (நீதிமன்றத்திடம் கோரிக்கை வைக்கும் பத்திரம்) தாக்கல் செய்து, அந்தப் பொருள் எங்கே இருக்கிறது என்று அறிக்கை கோரலாம். அரச இரசாயனப் பகுப்பாய்வுக்குப் போயிருக்கலாம், நீதிமன்றச் சான்றுப்பொருள் அறையில் இருக்கலாம். அந்த 25 பேருக்கு எதிரான வழக்கில் அடையாளமிடப்பட்ட சான்றாக இருந்தால், அந்த வழக்கு முடியும் வரை பெரும்பாலும் காத்திருக்க வேண்டும். அப்போதும் உரிமையாளர் நீங்கள் என்று இப்போதே பதிவு செய்து வைக்கலாம். அடையாளமிடப்படாவிட்டால் உங்களிடம் ஒப்படைக்க நீதவான் கட்டளையிட முடியும். உங்களிடம் இருக்கும் மற்றக் கொலுசின் படத்தையும், அவள் அதை அணிந்திருக்கும் படம் இருந்தால் அதையும் இணையுங்கள்.

விண்ணப்பத்தோடு கொடுக்கும் சத்தியக்கடதாசியில் "வெள்ளிக் கொலுசு ஒன்று" என்று மட்டும் எழுத விடாதீர்கள். எனக்கு எழுதியதை அப்படியே எழுதச் சொல்லுங்கள்: மூன்று மணிகளில் நடு மணி இல்லை, கொக்கி உடைந்து நீல நூலால் கட்டியிருக்கிறது. இத்தனை வருடம் கழித்து, உறைகள் அடுக்கியிருக்கும் அறையில் அதைத் தேடப்போகிறவர் உங்கள் மகளைப் பார்த்ததில்லை. அவர் அந்த நூலைப் பார்த்துத்தான் எடுக்க வேண்டும்.